முதலில் தலைவி

வருஷத்தின் முதல் ஞாயிறு. ஆலயத்தில் உடன்படிக்கை ஆராதனை முடிந்து, வாசலில் குவிந்து கிடந்த செருப்புகளுக்குள் தமிழ்மதி தன்னுடையதைத் தேடிக்கொண்டிருந்தபோது சென்னம்மாள் பக்கத்தில் வந்து நின்றாள்.

"தமிழு, மத்தியானம் வகுப்புக்கு மோனிஷாவும் வருது. நான் கூப்பிடல. அதுவேதான் வரேங்குது" என்றாள். சொல்லிவிட்டுத் தன் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டாள்.

மோனிஷா சென்னம்மாளின் மருமகள். ஆகஸ்டு மாதத்துக்குப் பிறகு அவள் வகுப்புக்கு வரவில்லை. ஆலயத்துக்கு வந்தாலும் கடைசி வரிசையில் உட்கார்ந்து, ஆசீர்வாதம் சொல்வதற்கு முன்பே எழுந்து போய்விடுவாள். தமிழ்மதி அவள் முகத்தை நேராகப் பார்த்து நாலு மாதத்துக்கு மேல் ஆகிவிட்டது. பார்க்க வாய்ப்பில்லாமல் போனது என்று முதலில் தனக்குள் சொல்லிக்கொண்டாள். வாய்ப்பு வந்த இரண்டு முறையும் தூணுக்குப் பின்னால் நகர்ந்து நின்றது தான்தான் என்பதும் அவளுக்குத் தெரியும்.

வீட்டுக்கு வந்தபோது பூபாலன் தரையில் உட்கார்ந்து கறிக்குப் பூண்டு உரித்துக்கொண்டிருந்தான். மங்கலம் ரோட்டிலிருந்து உள்ளே போகும் சந்தில், வரிசையாக எட்டு வீடுகள் கொண்ட லைனில் அவர்களுடையது கடைசி. ஒரு முன்னறை, ஒரு உள்ளறை, பின்னால் துணி துவைக்கும் இடம். ஞாயிறு மத்தியானம் மூன்று மணிக்கு முன்னறையில் பாயை விரித்துப் பெண்கள் வகுப்புக்கு உட்காருவார்கள். பூபாலன் உள்ளறையில் படுத்திருப்பான்.

"மோனிஷா வருதுங்களாம்" என்றாள்.

அவன் கை நின்றது. "பாவம். அந்தப் புள்ளைக்கு இங்க என்ன வெச்சிருக்குது?"

அவள் அரிசியைக் களைந்தாள்.

"ஏம்புள்ள, இன்னைக்கும் அதையேதான் சொல்லப் போறியா?"

"எதைங்க?"

"சமாதானமா இருக்கேன்னு." இன்னொரு பல்லை உரித்துத் தட்டில் போட்டான். "ரெண்டு வருசமா உள்ள படுத்துட்டுக் கேட்டுட்டுத்தான் இருக்கேன். வாரா வாரம் கேக்கக் கேக்க எனக்கே சந்தேகம் வந்துருது. செத்துப் போனது நம்ம பையன்தானா, இல்ல வேற யாராச்சும் ஊட்டுப் பையனான்னு."

அவன் கோபமாகச் சொல்லவில்லை. மழை வருமா என்று கேட்பது போலத்தான் சொன்னான். அவள் தட்டைத் தன் பக்கம் இழுத்தாள். "பூண்டு போதுங்க" என்று மட்டும் சொன்னாள்.

தமிழ்மதியின் குடும்பமும் பூபாலனின் குடும்பமும் தாராபுரத்தைச் சுற்றியுள்ள கிராமங்களிலிருந்து பனியன் கம்பெனி வேலைக்காகத் திருப்பூருக்கு வந்தவை. நூறு வருஷத்துக்கு முன்னால் அந்தக் கிராமங்களில் வெஸ்லியன் மிஷன் இருந்தது. மெதடிஸ்டு சபை என்பது புத்தகத்தில் உள்ள பெயர். ஊருக்குள் மிசன்காரங்க என்பார்கள். பண்ணையத்தில் கிடந்த பாட்டன்மார்களை அதுவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. மிஷன் அவர்களைப் பத்துப் பன்னிரண்டு பேராகப் பிரித்து, ஒவ்வொரு கூட்டத்துக்கும் அவர்களுக்குள்ளேயே ஒருவரைத் தலைவராக்கி, வாரம் ஒரு நாள் வட்டமாக உட்கார வைத்தது. வகுப்பு என்று பெயரே ஒழியப் பாடம் கிடையாது, பரீட்சை கிடையாது. தலைவர் ஒவ்வொருவரிடமும் ஒரே ஒரு கேள்வி கேட்பார்: உன் ஆத்துமா எப்படி இருக்கிறது?

மூன்று மாதத்துக்கு ஒரு தடவை ஒவ்வொருவருக்கும் பெயர் எழுதிய சீட்டு வரும். பெயருக்கு முன்னாலோ பின்னாலோ ஜாதி இருக்காது. குடிக்க மாட்டேன் என்று கையெழுத்துப் போட வேண்டும். கைநாட்டு வைக்கக் கூச்சப்பட்டே பலபேர் எழுத்துப் படித்தார்கள். பூபாலனின் அப்பா தங்கவேலு உபதேசியாராக இருந்தவர். இந்தக் கதையைச் சொல்லும்போது ஓரிடத்தில் கண்ணைத் துடைத்துக்கொள்வார். "எங்க பாட்டன் மொத நாளு அந்தக் கேள்விக்குப் பதிலே சொல்லலையாமா. அழுதுட்டாராமா. ஏன்னா அதுக்கு முன்னால அவரை யாரும் எப்படி இருக்கேன்னு கேட்டதே இல்ல பாரு."

நாடு விடுதலையான வருஷத்தில் சபைகள் ஒன்றாக இணைந்தபோது மெதடிஸ்டு என்ற பெயர் போய்விட்டது. பெரும்பாலான ஊர்களில் வகுப்பும் போய்விட்டது. தங்கவேலு மட்டும் விடவில்லை. அவர் இறந்த பிறகு, பதினோரு வருஷமாகத் தமிழ்மதி தலைவி. பகலில் ஒரு கம்பெனியில் செக்கிங் வேலை. டியூப்லைட்டுக்குக் கீழே தைத்த பனியன் பீஸைப் பரப்பி ஓட்டை, எண்ணெய்க் கறை, தையல் விட்ட இடம் எல்லாம் பார்த்து ஸ்டிக்கர் ஒட்டுவாள். சூப்பர்வைசர் கண்ணுக்குத் தப்பியதும் அவள் கண்ணுக்குத் தப்பாது என்று பெயர் வாங்கியவள்.

வகுப்பில் ஒரு முறை உண்டு. தலைவர் யாரிடமும் கேட்பதற்கு முன்னால், முதலில் தன் ஆத்துமாவைப் பற்றித் தான் சொல்ல வேண்டும். தலைவர் எந்த அளவுக்குத் திறக்கிறாரோ அந்த அளவுக்குத்தான் மற்றவர்களும் திறப்பார்கள் என்பது தங்கவேலுவின் எண்ணம். அவர் தன் கோபங்களையும் ஆசைகளையும் கூசாமல் சொல்வார். ஒரு முறை, ஆயர் மேல் தனக்குப் பொறாமை என்று, ஆயர் வந்து உட்கார்ந்திருந்த வகுப்பிலேயே சொன்னாராம்.

தமிழ்மதியும் அப்படித்தான் இருந்தாள், எபி போகும்வரை.

எபினேசர் அவர்களுக்கு ஒரே பிள்ளை. இருபது வயது. டிப்ளமோ முடித்து ஒரு கம்பெனியில் ஆர்டர் கவனிக்கும் மெர்ச்சண்டைசிங் வேலை பழகிக்கொண்டிருந்தான். பல்லடம் ரோட்டில் லாரி இடித்தது. அடக்கம் முடிந்து மூன்றாவது ஞாயிறு பெண்கள் வகுப்புக்கு வந்தார்கள். வேண்டாம் என்று சொல்லத் தோன்றவில்லை. பாயில் உட்கார்ந்ததும் ஆறு பேரும் அவளையே பார்த்தார்கள். அந்தப் பார்வையில் இரக்கம் இருந்தது. அதற்கும் அடியில் ஒரு பயமும் இருந்தது. இவளுக்கே இப்படி என்றால் நாம் எதைப் பிடித்துக்கொண்டு நிற்பது என்கிற பயம். அந்தப் பயத்தைப் பார்த்ததும், தன்னை அறியாமல், "சமாதானமா இருக்கேனுங்க" என்று தமிழ்மதி சொன்னாள்.

அவர்கள் அழுதார்கள். ஸ்தோத்திரம் சொன்னார்கள். அடுத்த வாரம் ஆயர் பிரசங்கத்தில் பெயர் சொல்லாமல் ஒரு தாயின் சாட்சியைப் பற்றிப் பேசினார். ஆலயம் முழுவதும் திரும்பி அவளைப் பார்த்தது. அதற்குப் பிறகு அந்தச் சமாதானம் அவளுடையதாக இல்லை. சபைக்குப் பொதுவான பொருளாகிவிட்டது. அதைத் திருப்பி எடுத்துக்கொள்ள அவளுக்கு உரிமை இல்லாதது போல் இருந்தது. வாரா வாரம் அதையே சொன்னாள். பிறகு உள்ளே போய்ப் பின்கட்டில் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள்.

மெல்ல மெல்ல வகுப்பும் மாறியது. வேலாத்தாள் முன்பெல்லாம் நாத்தனாரைப் பற்றி ஆரம்பித்தால் அரைமணி நேரம் ஓடும். பிள்ளையைப் பறிகொடுத்தவள் சமாதானம் என்கிறபோது நாத்தனாரைப் பற்றி என்ன பேசுவது என்று அவளுக்குக் கூச்சம் வந்துவிட்டது. எல்லோரும் குறைத்துக்கொண்டார்கள். "கர்த்தர் நடத்துறாருங்க." "குறை ஒண்ணுமில்லீங்க." இரண்டு மணி நேரம் நடந்த வகுப்பு முக்கால் மணியில் முடிந்தது. வகுப்பு முதிர்ச்சி அடைந்துவிட்டதாக எல்லோரும் நினைத்தார்கள். தமிழ்மதியும் சில நாள் நினைத்தாள்.

இப்படி ஆகியிருந்த வகுப்புக்குள்தான் போன வருஷம் மோனிஷா வந்து சேர்ந்தாள். உடுமலைப்பேட்டைப் பக்கத்துப் பெண். சென்னம்மாளின் மகன் அருண்குமாரைக் கட்டி வந்தவள். அவளுடைய ஊர்ச் சபையில் வகுப்பு என்ற ஒன்றே கிடையாது. முதல் நாள் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, கண்ணை அகல விரித்து, ஒவ்வொருவர் சொல்வதையும் பாடம் கேட்பது போலக் கேட்டாள். இரண்டாவது வாரமே, "கர்த்தர் நடத்துறாருங்க அக்கா" என்று பிசகில்லாமல் சொல்லப் பழகிவிட்டாள்.

ஆகஸ்டில் அவளுக்கு எட்டாவது மாதம். கம்பெனிக்குப் போவதை நிறுத்திவிட்டு வீட்டிலேயே பீஸுகளில் நூல் பிசிறு வெட்டிக்கொண்டிருந்தாள். அந்த ஞாயிறு தமிழ்மதி சமாதானம் சொன்னாள். சென்னம்மாள் குறை ஒண்ணுமில்லை என்றாள். மோனிஷாவின் முறை வந்தது. அவள் ஒரு கையை வயிற்றின் பக்கவாட்டில், கொஞ்சம் கீழே, அழுத்தி வைத்திருந்தாள். "அக்கா…" என்றாள். வாய் திறந்தபடி இருந்தது.

"சொல்லு கண்ணு."

மோனிஷா மாமியாரை ஒரு தரம் பார்த்தாள். தமிழ்மதியை ஒரு தரம் பார்த்தாள். "ஒண்ணுமில்லீங்க. கர்த்தர் நடத்துறாருங்க" என்றாள். தமிழ்மதி அடுத்தவளிடம் திரும்பினாள்.

புதன்கிழமை ஆஸ்பத்திரியில், வயிற்றில் அசைவு குறைந்த அன்றைக்கே வந்திருக்க வேண்டும் என்று நர்ஸ் சொன்னார். சனிக்கிழமையிலிருந்தே குறைந்திருந்ததாம். ஆண் குழந்தை. கல்லறைத் தோட்டத்தின் ஓரத்தில் பூபாலனும் அருண்குமாரும் குழி வெட்டினார்கள். வெள்ளை பனியன் துணியில் சுற்றியிருந்தது. எவ்வளவு சின்ன மூட்டை என்று அன்று வீட்டுக்கு வந்து பூபாலன் கையால் அளந்து காட்டினான்.

அன்றிலிருந்து தமிழ்மதி, வகுப்பில் மோனிஷாவின் முறை வந்த அந்த இரண்டு மூச்சு நேரத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தாள். கம்பெனியில் பீஸை விரித்தால் அதில் தெரிந்தது. வயிற்றில் அழுத்திய கை, திறந்திருந்த வாய். கவனிக்கவில்லை என்று சொல்லிக்கொள்ள வழியில்லை. கவனித்தாள். ஏதோ வரப் போகிறது என்று தெரிந்தது. வந்துவிட்டால், இந்தப் பெண் இங்கே அழுதுவிட்டால், தானும் உடைந்துவிடுவோம் என்று பயந்தாள். மோனிஷா ஒண்ணுமில்லீங்க என்றதும் அப்பாடா என்று இருந்தது. அந்த நிம்மதியை அவள் யாரிடமும் சொல்லவில்லை. பூபாலனிடம்கூட.

மூன்று மணிக்குப் பெண்கள் வந்தார்கள். வேலாத்தாள் வழக்கம் போல வாசலிலேயே ஆரம்பித்தாள். "ஏனுங்க தமிழு, கறிக்கொழம்பு வாசம் ரோடு வரைக்கும் வருது. வகுப்பு முடிஞ்சா சோறு உண்டுங்களா?"

"உங்க ஊட்டுல இன்னைக்கு ஆக்கலையாக்கும்?" என்று மயிலாள் கேட்டாள்.

"மருமவ ஆக்கியிருக்குது. அதுனாலதான் கேக்கறேன்."

சிரித்துக்கொண்டே உட்கார்ந்தவர்கள், சென்னம்மாளுக்குப் பின்னால் மோனிஷா வந்ததும் பேச்சை நிறுத்தினார்கள். இளைத்திருந்தாள். கழுத்து எலும்பு தெரிந்தது. தோளில் ஒரு பெரிய பை. மாமியாருக்குப் பக்கத்தில் இருந்த இடத்தை விட்டுவிட்டு வாசலையொட்டி உட்கார்ந்து, பையை மடியில் வைத்துக்கொண்டாள். "வா கண்ணு" என்ற தமிழ்மதிக்குத் தலையை மட்டும் ஆட்டினாள்.

ஒரு பாட்டுப் பாடினார்கள். ஒரு சங்கீதம் வாசித்தார்கள். பெயர் நோட்டில் தமிழ்மதி ஒவ்வொரு பெயருக்கும் நேராகக் குறி போட்டாள். பதினேழு வாரம் காலியாகக் கிடந்த கட்டங்களுக்குப் பக்கத்தில் மோனிஷாவின் குறியைப் போடும்போது பேனா அழுந்தியது. நோட்டை மூடினாள். எல்லோரும் நிமிர்ந்தார்கள்.

முதலில் தலைவி.

பக்கத்து வீட்டில் தங்கியிருக்கும் ஒடிசாப் பையன்கள் இந்தியில் ஏதோ சொல்லி உரக்கச் சிரித்தார்கள். உள்ளறைக் கட்டில் ஒரு முறை கிரீச்சிட்டது. பூபாலன் புரண்டு படுத்திருப்பான். சமாதானமா இருக்கேனுங்க என்ற இரண்டு வார்த்தையும் தமிழ்மதியின் நாக்கில் தயாராக இருந்தன. அவற்றைச் சொல்ல எந்த முயற்சியும் தேவையில்லை. அவள் மோனிஷாவைப் பார்த்தாள். மோனிஷா இவளையே, கண் இமைக்காமல், எதற்கோ காத்திருப்பவள் போலப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னோட ஆத்துமா நல்லா இல்லீங்க" என்றாள் தமிழ்மதி.

மயிலாள் மடியில் இருந்த வேதாகமத்தை மூடினாள்.

"ரெண்டு வருசமா நல்லா இல்லீங்க. நான் சொன்னதெல்லாம் பொய்யி. பல்லடம் ரோட்டுல போக முடியாம நான் ரெண்டு பஸ் மாறிச் சுத்திப் போறேன். ஜெபம் பண்ணுனா அந்தப் பக்கம் யாரும் இல்லாத மாதிரி இருக்குது. சும்மா வாய் அசையுது." நிறுத்தினாள். அடுத்ததைச் சொல்லாவிட்டால் இதுவும் ஒரு சாட்சியாகிவிடும் என்று தோன்றியது. "வேலாத்தாக்கா, உங்க பையன் கல்யாணத்துக்கு நாங்க வந்தோம். அவன் மாலையும் கழுத்துமா நிக்கறான். இவன் சாகாம என் பையன் ஏன் செத்தான்னு கேட்டேனுங்க. கடவுள்கிட்ட. பந்தியில உக்காந்துட்டே கேட்டேன்."

வேலாத்தாள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

"சொல்லணும்னு வந்தா சொல்ல முடியல. நான் சமாதானம்னு சொன்னாத்தான் உங்களுக்கெல்லாம் தைரியம் வரும்னு நெனச்சேன். அது பொய்யின்னு எனக்கு இப்பத் தெரியுது. அழுதா நிக்காதுன்னு பயந்துட்டேன். அவ்வளவுதான்." இப்போது அவள் வாசல் பக்கம் திரும்பியிருந்தாள். "மோனிஷா. அன்னைக்கு நீ ஏதோ சொல்ல வந்தே. நான் பாத்தேன் கண்ணு. பாக்கலைன்னு சொல்ல மாட்டேன். நீ சொல்லாம விட்டதும் எனக்கு நிம்மதியா இருந்துச்சு."

"நீ என்ன பண்ணுவே தமிழு, உனக்கென்ன தெரியும்" என்று சென்னம்மாள் பதறினாள்.

"அத்தை, செத்த சும்மா இருங்க" என்றாள் மோனிஷா.

அவள் மாமியாரிடம் அப்படிப் பேசி யாரும் கேட்டதில்லை.

மோனிஷா பையின் வாரைச் சுருட்டுவதும் பிரிப்பதுமாக இருந்தாள். பேச ஆரம்பித்தபோது குரல் சாதாரணமாக, கடையில் விலை கேட்கிற மாதிரி இருந்தது. "எனக்கு இந்த வகுப்புன்னா என்னன்னே தெரியாதுங்க. ஆத்துமா எப்படி இருக்குன்னு கேக்கறீங்க. வயித்தப் பத்திச் சொல்லலாமா கூடாதான்னு எனக்குத் தெரியல. சனிக்கிழமை பொழுதோட இருந்து புள்ள சரியா அசையல. அத்தைகிட்டச் சொன்னேன். எட்டு மாசம் ஆயிட்டா அடங்கித்தான் கெடக்கும்னாங்க. இவரு லோடு ஏத்திட்டுக் கேரளா போயிருந்தாரு. ஞாயித்துக்கெழமை எல்லாரும் இருப்பீங்க, புள்ள பெத்தவங்களா இருப்பீங்க, சொன்னா யாராச்சும் ஆஸ்பத்திரிக்குப் போன்னு சொல்லுவீங்கன்னு நெனச்சு வந்தேனுங்க. அதுக்குத்தான் அன்னைக்கு வந்ததே."

மயிலாள் மெதுவாக, "ஐயோ சாமி" என்றாள்.

"நீங்க சமாதானமா இருக்கேன்னு சொன்னீங்க. வளந்த பையன மண்ணுல போட்டுட்டு இப்படி இருக்காங்களே, நாம ஒரு நாள் அசையலைன்னு இப்படிப் பயப்படறோமே, நமக்கு விசுவாசமே இல்லைன்னு நெனச்சுக்கிட்டேன்." வாரைச் சுருட்டிய கை நின்றது. "இங்க உக்காந்திருக்கறப்ப ஒரு தரம் அசஞ்ச மாதிரி இருந்துச்சுங்க அக்கா. இந்தப் பக்கம். நெசமா அசஞ்சுதா, நானா நெனச்சுக்கிட்டனான்னு இன்னைக்கு வரைக்கும் தெரியல. அசஞ்சிருந்தா, இங்க உக்காந்திருக்கறப்ப அது உசுரோட இருந்திருக்கும்."

மன்னித்துவிடு என்று சொல்லத் தமிழ்மதி வாயெடுத்தாள். எந்த முகத்தோடு அதைச் சொல்வது என்று தெரியவில்லை.

"நான் இன்னைக்கு எதுக்கு வந்தேன்னு சொல்லிடறேனுங்க" என்றாள் மோனிஷா. "நீங்க மறுபடியும் அதையேதான் சொல்லுவீங்கன்னு நெனச்சேன். சொன்னதும் எல்லார் முன்னாலயும் உங்களக் கேக்கணும்னு வந்தேன். நாலு மாசமா, பிசிறு வெட்டறப்ப, சோறு ஆக்கறப்ப, என்ன கேக்கறது, எப்படிக் கேக்கறதுன்னு சொல்லிச் சொல்லிப் பாத்து வெச்சிருந்தேன். உங்க மேல கோவமா இருக்கறதப் புடிச்சுக்கிட்டுத்தான் காலைல எந்திரிப்பேன். இப்பக் கேக்க முடியாமப் பண்ணிட்டீங்க." அவள் முகம் முதல் முறையாகக் கோணியது. "அது ஒண்ணுதானுங்க என்கிட்ட இருந்துச்சு."

எழுந்து பையைத் தோளில் போட்டாள்.

"எங்கே போற?" சென்னம்மாள் முட்டியைப் பிடித்துக்கொண்டு எழப் பார்த்தாள்.

"உடுமலைக்கு. அம்மா ஊட்டுக்கு. அவருகிட்டச் சொல்லிட்டேன்."

"எப்ப வருவே?"

மோனிஷா வாசற்படியில் கால் வைத்தாள். சென்னம்மாள் எழ முடியாமல் பாயிலேயே உட்கார்ந்து, அவள் முதுகைப் பார்த்துச் சொன்னாள். "எனக்கும் சனிக்கிழமையே பயமா இருந்துச்சு கண்ணு. அடங்கிக் கெடக்கும்னு உனக்கா சொன்னேன்? எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். ஆஸ்பத்திரிக்குப் போனா வயித்தக் கிழிச்சுருவாங்க, இவனும் ஊர்ல இல்லன்னு…"

மோனிஷா வாசலில் நின்று அதை முழுவதும் கேட்டாள். திரும்பவில்லை. பிறகு செருப்பை மாட்டிக்கொண்டு சந்தில் இறங்கிப் போனாள்.

தமிழ்மதி எழுந்து வாசல்வரை போனாள். ஓடிப் போய்க் கையைப் பிடிக்கலாம். பிடித்து என்ன சொல்வது? இப்போது சொன்னதும்கூடத் தனக்காகச் சொன்னதுதானோ, பாரத்தை இறக்கி அந்தப் பெண்ணின் கையில் இருந்ததைப் பிடுங்கிக்கொண்டோமோ என்று நினைத்தாள். பின்னால் ஐந்து பெண்கள் முறை வராமல் உட்கார்ந்திருந்தார்கள். சென்னம்மாள் ஓசையில்லாமல் தலையில் அடித்துக்கொண்டிருந்தாள். தமிழ்மதி திரும்பி வந்து அவள் கையைப் பிடித்து இறக்கிவிட்டு, பக்கத்தில் உட்கார்ந்தாள்.

அன்று வகுப்பு ஆறு மணிவரை நடந்தது. வேலாத்தாள் தன் மகன் கல்யாணத்தைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. மூன்று மாதமாக மார்பில் ஒரு கட்டி இருப்பதாகவும், யாரிடமும் சொல்லவில்லை என்றும், கீழே பார்த்துக்கொண்டு சொன்னாள். திங்கட்கிழமையே கூட்டிக்கொண்டு போகிறேன் என்று மயிலாள் சொன்னாள். வேலாத்தாள் மூன்று மாதமாகச் சிரித்துக்கொண்டே சோறு உண்டா என்று கேட்டு வந்ததைத் தமிழ்மதி நினைத்துப் பார்த்தாள். அவர்கள் போகும்போது யாரும் ஸ்தோத்திரம் சொல்லவில்லை. சென்னம்மாளை இரண்டு பக்கமும் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனார்கள்.

பாயைச் சுருட்டி வைத்துவிட்டு உள்ளே போனாள். கட்டில் காலியாக இருந்தது. பின்கட்டுக் கதவு திறந்து கிடந்தது. அவள் விளக்கைப் போடுவதற்குள் பூபாலன் அந்த வழியாக உள்ளே வந்தான். சட்டை வேர்வையில் நனைந்திருந்தது.

"எங்கீங்க போயிட்டீங்க?"

"அந்தப் புள்ள தனியாப் போச்சு. பின்னாலயே போனேன். பஸ் ஸ்டாண்டு வரைக்கும்."

"என்ன சொல்லுச்சுங்க?"

"ஒண்ணும் சொல்லல. உடுமலை பஸ் வர்ற வரைக்கும் பெஞ்சுல உக்காந்து அழுதுச்சு. நான் பக்கத்துல நின்னேன்." செம்பில் தண்ணீர் மொண்டு குடித்தான். "அந்தக் கொழந்தைக்கு என்ன பேரு வெச்சிருப்பேன்னு கேக்கலாம்னு இருந்துச்சு. கேக்கல."

"திரும்பி வருமாங்க?"

"தெரியல புள்ள."

அவள் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள். இந்நேரம் பஸ் பல்லடத்தைத் தாண்டியிருக்கும். ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பாள். நாலு மாதமாகச் சொல்லிச் சொல்லிப் பார்த்து வைத்திருந்த வார்த்தைகளை இனி யாரிடம் சொல்வாள் அவள்?

"கல்யாணப் பந்தியில நான் கேட்டதைச் சொன்னேனே. கேட்டீங்களா?"

"கேட்டேன்."

பூபாலன் செம்பைக் கவிழ்த்து வைத்தான். அவளுக்குப் பக்கத்தில், கொஞ்சம் இடம் விட்டு, உட்கார்ந்தான். "நானும் அன்னைக்கு அதையேதான் கேட்டேன்" என்றான். "ஒரே பந்தியில உக்காந்துட்டு."